பவுன் தெருவும் ரோட்டுக்கு முதுகு காட்டும் மரவீடும்

ஒரு வாசகரின் கேள்வி, 2024 ஜனவரி 9

நியூயார்க் நகரத்து ஃப்ளஷிங்கில் பிள்ளையார் கோயில் இருக்கிற பவுன் தெருவுக்கு அந்தப் பெயர் எப்படி வந்தது? நகைக்கடைக்காரர் யாராவது வைத்ததா? அப்புறம், அதே ஊரில் நார்தர்ன் பூல்வார்டில் பழுப்பேறிய மரக்கட்டடம் ஒன்று ரோட்டுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு நிற்கிறதே, அது குதிரை லாயமாக இருந்ததா? தெரிந்தவர்கள் சொல்லுங்கள்.

ஜனவரி 9, இரவு

பவுன் ஒரு ஆளின் பெயர். ஜான் பவுன். இங்கிலாந்தின் டார்பிஷயர் பக்கத்துக்காரர், 1627இல் பிறந்தவர். 1649இல் பாஸ்டனுக்குக் கப்பலேறி வந்து, பிறகு ஃப்ளஷிங்கில் குடியேறினார். 1661 வாக்கில் அவர் கட்டிய வீடு இன்றும் அதே தெருவின் வடக்குப் பக்கத்தில் நிற்கிறது. அவருடைய வம்சம் ஒன்பது தலைமுறையாக 1945 வரை அதில் குடியிருந்தது. இப்போது அருங்காட்சியகம்.

நீங்கள் லாயம் என்று நினைத்தது குவேக்கர்கள் என்ற கிறிஸ்தவப் பிரிவினர் வழிபடக் கூடும் கூட்ட வீடு. 1694இல் கட்டியது. நியூயார்க் நகரத்தில் அதைவிடப் பழைய வழிபாட்டு இடம் இல்லை. டச்சுக்காரர் ஆட்சியில் குவேக்கர்களைப் பிடித்துச் சிறையில் போட்டார்கள், ஃப்ளஷிங் குவேக்கர்கள் 1657இல் ஒரு மனு எழுதிப் போராடினார்கள், அதன் பலன்தான் இந்த வீடு. பயந்து பயந்து கூடியவர்கள் என்பதால்தான் ரோட்டுக்கு முதுகு காட்டிக் கட்டினார்கள்.

பத்து வருஷத்துக்கு மேலாக அந்தத் தெருவுக்குப் போய் வருகிறேன். பிள்ளையாரைப் பார்த்துவிட்டுக் கீழே கேன்டீனில் தோசைக்கு வரிசையில் நிற்கும்போது இந்தப் பெயர் என்னையும் குடைந்ததுண்டு. கேட்டதற்கு நன்றி. இன்னும் எழுதுகிறேன்.

ஜனவரி 10

"தேவாலயம் என்று எழுதாமல் கூட்ட வீடு என்று ஏன் எழுதுகிறீர்கள்" என்று மேலே ஒருவர் கேட்டிருக்கிறார். அவர்களே அப்படித்தான் சொல்வார்கள். ஆட்கள் கூடினால் அதுதான் திருச்சபை, கட்டடத்துக்குத் தனிப் புனிதம் கிடையாது என்பது அவர்கள் எண்ணம். மற்றவர்களின் தேவாலயங்களை அந்தக் காலத்துக் குவேக்கர்கள் "கூம்புக் கோபுர வீடு" என்றே குறிப்பிட்டார்கள்.

இவர்கள் தங்களை வைத்துக்கொண்ட பெயர் "நண்பர்கள்". குவேக்கர், அதாவது நடுங்குகிறவர், என்பது மற்றவர்கள் கேலியாக வைத்தது. அதுவே நிலைத்துவிட்டது.

தமிழருக்கு உடனே புரியக்கூடிய ஒரு விஷயம் உண்டு. அந்தக் கால ஆங்கிலத்தில் 'நீ', 'நீங்கள்' இரண்டும் இருந்தன. பெரியவர்களுக்கும் பணக்காரர்களுக்கும் 'நீங்கள்'. குவேக்கர்கள் எல்லோரையும் 'நீ' என்றார்கள். நீதிபதியையும் நீ, பிரபுவையும் நீ. தொப்பியையும் கழற்ற மாட்டார்கள், கடவுளைத் தொழும்போது மட்டும்தான் கழற்றுவார்கள். ஊர்ப் பண்ணையாரை நேருக்கு நேர் "நீ வா" என்று சொல்லிப் பாருங்கள், அவர்கள் ஏன் அவ்வளவு அடிபட்டார்கள் என்பது விளங்கும். அடித்தவர்களுக்கு இறையியல் எல்லாம் அப்புறம்தான், முதலில் எரிந்தது மரியாதை போன இடம்.

ஜனவரி 13

முதல் நாள் எழுதியதில் ஒரு பெரிய தப்பு. அந்த மனுவைக் குவேக்கர்கள் எழுதினார்கள் என்று சொல்லிவிட்டேன். எழுதியவர்கள் குவேக்கர்கள் இல்லை. விஷயமே அதுதான், அதைப் போய்த் தவற விட்டிருக்கிறேன். முதலிலிருந்து சொல்கிறேன்.

1645இல் டச்சு ஆளுநர் கீஃப்ட், ஆங்கிலேயக் குடியேறிகளுக்கு ஃப்ளஷிங் ஊரைப் பட்டயம் போட்டுக் கொடுத்தார். நெதர்லாந்தில் உள்ள ஃப்லிசிங்கன் என்ற துறைமுகத்தின் பெயர்தான் ஆங்கிலேயர் நாக்கில் ஃப்ளஷிங் ஆனது. ஹாலந்தில் உள்ள வழக்கப்படி மனசாட்சிச் சுதந்திரம் உண்டு என்று அந்தப் பட்டயத்திலேயே இருந்தது. ஹாலந்து வழக்கம் என்றால், வீட்டுக்குள் எதை நம்பினாலும் யாரும் கதவைத் தட்ட மாட்டார்கள்.

அடுத்து வந்த ஆளுநர் பீட்டர் ஸ்டைவசன்ட் வேறு மாதிரி. டச்சுச் சீர்திருத்த சபையைத் தவிர வேறு யாரும் கூடி வழிபடக் கூடாது என்று 1656இல் உத்தரவு போட்டார். 1657 ஆகஸ்டில் ஒரு சின்னக் கப்பலில் குவேக்கர் பிரசாரகர்கள் வந்து இறங்கினார்கள். அவர்களில் ராபர்ட் ஹாட்சன் என்ற இளைஞரைத் தள்ளுவண்டியோடு சங்கிலியில் பிணைத்து, வேலை செய்ய மறுத்ததற்காகச் சவுக்கால் அடித்தார்கள். குவேக்கர்களுக்கு வீட்டில் இடம் கொடுத்தால் அபராதம் என்றும் அறிவிப்பு வந்தது.

அந்த வருஷம் டிசம்பர் 27ஆம் தேதி ஃப்ளஷிங் ஊர்க்காரர்கள் 30 பேர் கையெழுத்துப் போட்டு ஆளுநருக்கு ஒரு மறுப்பு மனு அனுப்பினார்கள். எழுதியவர் ஊர்க் கணக்கர் எட்வர்ட் ஹார்ட். கொண்டுபோய்க் கொடுத்தவர் ஊர் அதிகாரி டோபியாஸ் ஃபீக். அடி வாங்கியது இவர்கள் மதம் இல்லை. உத்தரவுக்குத் தலையாட்டியிருந்தால் ஒருவர் மேலும் கை பட்டிருக்காது. "இவர்களைத் தண்டிக்க எங்கள் மனம் ஒப்பவில்லை, எங்கள் வாசலுக்கு வந்தால் உள்ளே விடுவோம்" என்கிற பொருளில் எழுதினார்கள். ஹாலந்தில் யூதருக்கும் துருக்கியருக்கும் எகிப்தியருக்கும் கூடக் கிடைக்கிற அன்பும் சமாதானமும் சுதந்திரமும் என்று ஒரு வரி வருகிறது. துருக்கியர் என்றால் அந்தக் காலப் பேச்சில் முஸ்லிம்கள். மரவீடுகள் நாலு நிற்கிற ஒரு கடலோரக் கிராமத்தில், எந்த முஸ்லிமையும் அநேகமாகப் பார்த்தேயிராதவர்கள் எழுதிய வரி இது. நான் அதை எத்தனை தடவை படித்தாலும் அந்த இடத்தில் நின்றுவிடுகிறேன்.

ஜனவரி 13, கொஞ்ச நேரம் கழித்து

மனு ஜெயித்ததா என்று கேட்டால், இல்லை. ஹார்ட்டையும் ஃபீக்கையும் கைது செய்தார்கள். ஃபீக்கின் பதவி போனது. ஹார்ட் மன்னிப்புக் கேட்டுத்தான் வெளியே வந்தார். அதை வைத்து அவரைக் கோழை என்று யாரும் சொல்லிவிட வேண்டாம். குளிர்காலத்தில் அந்தச் சிறையில் உட்கார்ந்திருந்தவர் அவர்.

ஜனவரி 16

பவுன் கதைக்கு வருவோம். பவுனுக்கு முன் குவேக்கர் ஆனவர் அவர் மனைவி ஹன்னா. காட்டுக்குள் நடக்கும் கூட்டங்களுக்கு அவர் போய்வந்தார், கணவர் பின்னால் போனார். அப்புறம் "காட்டில் ஏன், நம் வீட்டுக்கே வாருங்கள்" என்று பவுன் அழைத்தார். 1662 செப்டம்பரில் அவரைக் கைது செய்தார்கள். அபராதம் கட்டச் சொன்னார்கள், கட்ட மாட்டேன் என்றார். சிறையில் சில மாதம். பணியவில்லை என்றதும் 1663 ஜனவரியில் கப்பலேற்றி நாடு கடத்தினார்கள்.

அவர் ஆம்ஸ்டர்டாம் போய், இந்தக் காலனிக்கே முதலாளியான டச்சு மேற்கிந்தியக் கம்பெனியிடம் முறையிட்டார். கம்பெனி 1663 ஏப்ரலில் ஸ்டைவசன்டுக்குக் கடிதம் எழுதியது: அமைதியாக இருப்பவரின் மனசாட்சியில் கை வைக்காதே, கண்டும் காணாமல் விடு. நல்ல மனது மட்டும் காரணம் இல்லை. இப்படி விரட்டிக்கொண்டே இருந்தால் புதுக் காலனிக்கு ஆள் வருவது நின்றுபோகும் என்ற கணக்கும் அதே கடிதத்தில் இருக்கிறது. கம்பெனி கம்பெனிதானே.

பவுன் 1664 தொடக்கத்தில் வீடு திரும்பினார். அதே வருஷம் செப்டம்பரில் ஆங்கிலேயர் ஊரைப் பிடித்துக்கொண்டார்கள். நியூ ஆம்ஸ்டர்டாம் நியூயார்க் ஆனது.

ஹன்னா பிற்பாடு குவேக்கர் பிரசாரகராகவே கடல் கடந்து போனார். 1678இல் லண்டனில் இறந்தார். பதினேழாம் நூற்றாண்டில் குடும்பப் பெண் ஒருவர் பிரசங்கம் செய்யக் கப்பல் ஏறுகிறார். தெருப்பெயரில் பாதி அவருக்குச் சேர வேண்டியது.

ஜனவரி 21, ஞாயிறு

இன்று காலை கூட்ட வீட்டுக்கு உள்ளே போய் உட்கார்ந்துவிட்டு வந்தேன். இத்தனை வருஷம் காரிலேயே கடந்து போயிருக்கிறேன், இன்றுதான் முதல்முறை.

ரோட்டுப் பக்கம் பழுப்பு மரச்சில்லு வேய்ந்த சுவர், சின்ன ஜன்னல்கள், அவ்வளவுதான். வேலி வாசலில் நுழைந்து பக்கவாட்டில் சுற்றிக்கொண்டு பின்னால் போனால், அதுதான் முன்புறம். தெற்கு பார்த்த தாழ்வாரம். இரண்டு கதவுகள் தனித்தனியாக. ஒன்று ஆண்களுக்கு, ஒன்று பெண்களுக்கு என்று அந்தக் காலத்தில் வைத்தது. எதிரே கல்லறைத் தோட்டம். பனி லேசாக உறைந்திருந்தது, தாழ்வாரத்தில் மட்டும் வெயில்.

கூரையைப் பற்றித் தனியாகச் சொல்ல வேண்டும். நாலு பக்கமும் சரிந்து இறங்கும் செங்குத்தான கூரை. சுவர் எவ்வளவு உயரமோ அதே உயரத்துக்குக் கூரையும் நிற்கிறது. பெரிய தொப்பியை இழுத்துப் போட்டுக்கொண்டு ஒருவர் உட்கார்ந்திருப்பது போல.

உள்ளே பீடம் இல்லை, சிலுவை இல்லை, படம் இல்லை, வண்ணக் கண்ணாடி இல்லை, மணி இல்லை. பிரசங்க மேடையும் இல்லை. வரிசையாக மர பெஞ்சுகள். மூத்தவர்கள் எதிர்முகமாக உட்காருவதற்கென்றே சில பெஞ்சுகள் போடுவது இவர்கள் வழக்கம். தலைக்கு மேல் உத்திரங்கள். ஒவ்வொன்றும் ஒரே ஓக் மரத்தில் எடுத்தது, 40 அடி நீளம். ரம்பத்தில் அறுக்காமல் கோடாலியாலும் வாய்ச்சியாலும் செதுக்கியிருக்கிறார்கள். தூணை விரலால் தடவினால் அலை அலையாக மேடும் பள்ளமும் தட்டுகிறது. ஒவ்வொரு பள்ளமும் ஒரு வெட்டு. என் தாத்தா வீட்டுத் திண்ணைத் தூண்கள் கடைந்து வழுவழுப்பாக இருக்கும், ஆனால் கூரைக்கடியில் யாரும் பார்க்காத உத்திரத்தில் இதே மேடு பள்ளம் உண்டு. பரணில் ஏறிய வயதில் அதைத் தடவியிருக்கிறேன். விரலுக்கு உடனே ஞாபகம் வந்துவிட்டது. மூட்டுகளில் துளையும் கழுந்தும் பொருத்தி மர ஆணி அடித்திருக்கிறது.

கூட்டம் தொடங்கியது என்று யாரும் அறிவிக்கவில்லை. வந்தவர்கள் உட்கார்ந்தார்கள், பேச்சு நின்றது, அவ்வளவுதான். உள்ளொளி என்று ஒன்று ஒவ்வொருவரிடமும் இருக்கிறது, பேசாமல் உட்கார்ந்தால் அது பேசும், நடுவில் பூசாரி தேவையில்லை என்பது அவர்கள் நம்பிக்கை. நார்தர்ன் பூல்வார்டில் பஸ் பிரேக் போடும் சத்தம். லகார்டியாவுக்கு இறங்கும் விமானம். பெஞ்ச் ஒன்று முனகியது. பாதி நேரத்துக்கு மேல் போனதும் ஒரு வயதான அம்மா எழுந்து நாலைந்து வாக்கியம் பேசிவிட்டு உட்கார்ந்தார். அவருக்கு யாரும் பதில் சொல்லவில்லை, தலையாட்டக்கூட இல்லை. திரும்பவும் மௌனம். கடைசியில் பக்கத்தில் இருந்தவர் என் கையைப் பிடித்துக் குலுக்கினார். கூட்டம் முடிந்தது என்பதற்கு அதுதான் அடையாளம்.

முதல் இருபது நிமிஷம் எனக்குக் கஷ்டமாக இருந்தது. கோயிலில் கை கூப்பவும் சுற்றி வரவும் விபூதி வாங்கவும் பழகிய உடம்பு. கைக்கு வேலை இல்லாமல் போனதும் மனசு கடைத்தெருவுக்குக் கிளம்பிவிட்டது. அப்புறம் எப்போது அடங்கியது என்று தெரியாது. வெளியே வந்தபோதுதான் மணி பார்த்தேன்.

ஜனவரி 22

சின்னத் திருத்தம். முழுக் கட்டடமும் 1694 இல்லை. கிழக்குப் பக்கத்து மூன்றில் ஒரு பங்குதான் முதலில் கட்டியது. 1716 முதல் 1719 வரை மேற்கே நீட்டிப் பெரிதாக்கினார்கள். நிலம் 1692இல் வாங்கியது, வாங்கியவர்கள் பவுனும் ஜான் ராட்மன் என்பவரும். வீடு எழும்பிய மறு வருஷம், 1695இல், பவுன் இறந்துவிட்டார்.

அமெரிக்காவிலேயே பழைய குவேக்கர் கூட்ட வீடு இதுதானா என்று கேட்டவருக்கு: மேரிலாந்தில் ஈஸ்டன் ஊரில் ஒன்று இதற்குப் பத்து வருஷம் மூத்தது, 1680களில் கட்டியது. அதுவும் மரம்தான்.

ஜனவரி 28

முதுகு விஷயத்தில் நான் சொன்னதைத் திரும்ப எடுத்துக்கொள்கிறேன். பயத்தில் முதுகு காட்டினார்கள் என்று எழுதினேன். 1694இல் பயப்பட என்ன இருந்தது? ஆட்சி மாறி முப்பது வருஷம் ஆகிவிட்டது. அதற்கும் முன்னால், 1672இல், குவேக்கர் இயக்கத்தைத் தொடங்கிய ஜார்ஜ் ஃபாக்ஸே இந்த ஊருக்கு வந்தார். பவுன் வீட்டில் இடம் போதாமல் எதிரே ஓக் மரத்தடியில் பட்டப்பகலில் ஊரைக் கூட்டிப் பேசினார். அந்த மரங்கள் இப்போது இல்லை, இடத்தைக் காட்ட ஒரு கல் இருக்கிறது. அப்படிப் பேசியவர்கள் ரோட்டுக்குப் பயந்து கட்டியிருக்க மாட்டார்கள்.

தாழ்வாரத்தில் நின்றபோது காலில் பட்ட வெயில்தான் எனக்குப் பதிலாகத் தோன்றுகிறது. வடக்கிலிருந்து வாடை அடிக்கிற ஊர். குளிர்காலத்தில் சூரியன் தெற்கே தாழ்ந்து ஓடுகிறது. இந்தப் பக்கத்துப் பழைய வீடுகள் பலவும் தெற்கு பார்த்தவைதான். நம் ஊரில் வெயிலுக்கு ஒதுங்கித் தாழ்வாரம் இறக்குகிறோம், இவர்கள் வெயிலுக்கு ஏங்கி வாசல் வைத்தார்கள். மண்டையில் முதலில் உதிக்கும் காரணம் கதையாகவும் உருக்கமாகவும் இருந்தால் அதை நம்பிவிடுகிறோம். நானும் நம்பி இங்கே எழுதியும்விட்டேன்.

ஜனவரி 28, இரவு

ஆனால் வெயில் மட்டும்தானா என்றும் ஒரு யோசனை. கதவைத் திறந்தால் நேரே கல்லறைகள். 19ஆம் நூற்றாண்டின் நடுப்பகுதி வரை இங்கே யாருக்கும் பெயர்க்கல் வைக்கவில்லை. செத்த பிறகு பெரியவர் சின்னவர் கிடையாது என்பது கொள்கை. இன்று நீங்கள் பார்க்கும் குட்டைக் கற்கள் எல்லாம் அதற்குப் பிந்தியவை. ஜான் பவுனும் இந்தத் தோட்டத்தில்தான் இருக்கிறார் என்று நம்பப்படுகிறது. எந்த இடம் என்று காட்ட ஒரு கல்லும் இல்லை.

தெரு முழுக்கப் பெயர்ப்பலகை இருக்கிற மனிதருக்குத் தலைமாட்டில் பெயர் இல்லை. புல்லைப் பார்த்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றேன்.

பிப்ரவரி 3

"இவ்வளவு புகழ்கிறீர்களே, அவர்கள் அடிமைகளை வைத்திருக்கவில்லையா" என்று கேட்டவருக்கு: வைத்திருந்தார்கள். மறைக்க ஒன்றுமில்லை. 18ஆம் நூற்றாண்டின் தொடக்கத்தில் குவேக்கர்கள் பலரிடம் அடிமைகள் இருந்தார்கள், மனசாட்சிச் சுதந்திரம் கேட்டுச் சிறை போனவர்களின் பிள்ளைகள் உட்பட. இது தப்பு என்ற பேச்சு 1716இலேயே ஃப்ளஷிங் கூட்டத்தில் எழுந்தது. ஆனால் எல்லோருக்கும் ஒத்துப்போகும் வரை முடிவெடுப்பதில்லை, ஓட்டெடுப்பும் கிடையாது என்பது இவர்கள் முறை. அதனால் சபை முழுக்க ஒரு தீர்மானத்துக்கு வர ஐம்பது வருஷத்துக்கு மேல் ஆனது. பொறுமையான முறைதான். அந்தப் பொறுமைக்கு விலை கொடுத்தவர்கள் அந்த பெஞ்சுகளில் உட்கார்ந்து விவாதித்தவர்கள் இல்லை. வீட்டை எனக்குப் பிடித்திருக்கிறது என்பதற்காக இதைச் சின்னதாக எழுத மாட்டேன்.

பிப்ரவரி 4

விட்டுப்போனது: 1776 முதல் 1783 வரை, சுதந்திரப் போரில், ஆங்கிலேயப் படை இந்த வீட்டைப் பிடித்துக்கொண்டது. சிறை, வைக்கோல் கிடங்கு, ஆஸ்பத்திரி, மூன்றாகவும் இருந்தது. போரே கூடாது என்கிற கூட்டத்தின் வீடு. அந்த இடைவெளியைத் தவிர்த்தால் 1694 முதல் இன்றுவரை இங்கே கூட்டம் நடக்கிறது.

அப்போ கேள்வி கேட்டவர் சொன்ன லாயமும் முழுக்கத் தப்பில்லை. வைக்கோல் இருந்திருக்கிறது!

பிப்ரவரி 20

1657 மனுவின் அசல் தாள் என்ன ஆனது என்று தனியாகக் கேட்டார்கள். ஆல்பனியில் மாநில ஆவணக் காப்பகத்தில் இருக்கிறது. 1911இல் அங்கே பெரிய தீ விபத்து. தாளின் ஓரங்கள் கருகின, எழுத்து தப்பியது. 2007இல் 350ஆம் வருஷத்துக்காக ஃப்ளஷிங்குக்கே கொண்டுவந்து காட்சிக்கு வைத்தார்கள்.

300ஆம் வருஷம், 1957இல், மூன்று சென்ட் தபால்தலை வெளியிட்டார்கள். பைபிள், இறகுப் பேனா, ஒரு தொப்பி. கழற்ற மாட்டேன் என்ற தொப்பி தபால்தலை வரைக்கும் போய்விட்டது.

ஏப்ரல் 14, ஞாயிறு

வருஷப் பிறப்பும் ஞாயிறும் ஒரே நாளில் வந்தன. காலையில் கூட்ட வீட்டில் மௌனத்தில் உட்கார்ந்துவிட்டு, பவுன் வீட்டு வழியாக அந்தத் தெருவிலேயே தெற்கே நடந்தேன். கோயில் அரை மணி நேரத்துக்குள் வந்துவிடுகிறது.

அங்கே நேர் எதிர். கோபுரத்தில் கண் வைக்கவே இடம் இல்லாத அளவுக்குச் சிற்பம். உள்ளே கருங்கல்லில் பிள்ளையார், எண்ணெய், பால், மணி, நாதஸ்வரம், புதுப்புடவைச் சரசரப்பு. காலையில் சும்மா கிடந்த கைக்கு இப்போது தேங்காய்த் தட்டு, கற்பூர ஆரத்தி, குழந்தையைத் தூக்கிக் காட்டுவது என்று ஓயாத வேலை. எது சரி என்ற கேள்வி எனக்குள் வரவே இல்லை. இரண்டும் என் உடம்புக்குத் தெரிந்துவிட்டது.

இந்த இடத்தில் முன்பு ஒரு ரஷ்ய ஆர்த்தடாக்ஸ் தேவாலயம் இருந்தது. அதை வாங்கிக் கோயிலாக்கி 1977 ஜூலை 4ஆம் தேதி கும்பாபிஷேகம் செய்தார்கள். முன்னின்றவர்களில் முக்கியமானவர் ஐக்கிய நாடுகள் சபையில் வேலை பார்த்த அழகப்பா அழகப்பன் என்ற தமிழர். அவர்கள் கட்ட வந்தபோது கப்பலேற்றித் திருப்பி அனுப்ப ஒரு ஸ்டைவசன்ட் இல்லை. 1657 மனுவில் யூதர், துருக்கியர், எகிப்தியர் வருகிறார்கள், இந்துக்கள் வரவில்லை. எட்வர்ட் ஹார்ட்டுக்கு நம்மைப் பற்றித் தெரிந்திருக்க வாய்ப்பே இல்லை. ஆனால் வாசலுக்கு வருகிறவரை விடுவோம் என்று எழுதும்போது அவர் வருகிறவரின் பெயரைக் கேட்கவில்லை.

கோயில் முன்னால் உள்ள பகுதிக்கு 2022இல் கணேஷ் டெம்பிள் தெரு என்று இரண்டாவது பெயரும் வைத்தார்கள். கம்பத்தில் இரண்டு பலகையும் உண்டு. பழைய பெயரை எடுக்கவில்லை.

கேன்டீனில் வரிசை நீளம். எனக்கு முன்னால் நின்ற பையன், ஏழெட்டு வயசு இருக்கும், கையிலிருந்த டோக்கனைத் திருப்பித் திருப்பிப் பார்த்துக்கொண்டே, பவுன் என்றால் தங்கம்தானே, இந்தத் தெருவில் தங்கம் எங்கே என்று அப்பாவிடம் கேட்டான். அவருக்குத் தெரியவில்லை. நான் குனிந்து சொல்ல ஆரம்பித்தேன். தோசை வருவதற்குள் ஆம்ஸ்டர்டாம் வரைதான் போக முடிந்தது.